ஹூலா கற்பிப்போருக்கு: கையசைவுக்கு முன் சொல்

ஹவாயின் மரபு நடனமான ஹூலாவைக் கற்பிக்கப் புகும் ஆசிரியர், முதல் நாளில் மாணவர்களை நிற்க வைக்காமல் உட்கார வைப்பது நல்லது. ஹூலா என்பது 'மெலே' என்னும் பாடலின் சொல்லுக்கு ஆடப்படுவது. சொல் விளங்காமல் கற்ற அசைவு எத்தனை அழகாக இருந்தாலும் அதை உடற்பயிற்சி என்றுதான் நான் சொல்வேன்.

இதற்கு வரலாற்றுக் காரணமும் உண்டு. 1820இல் வந்திறங்கிய மிஷனரிகள் இந்த ஆட்டத்தை வெறுத்தார்கள். 1830இல் ஆட்சிப் பொறுப்பிலிருந்த அரசி காஅஹுமனு பொது இடங்களில் அதற்குத் தடை விதித்தார். 1883இல் மன்னர் கலாகவுவா தமது முடிசூட்டு விழாவில் ஹூலாவை மீண்டும் ஊரறிய ஆடவைத்தார் என்றாலும், 1896ஆம் ஆண்டுச் சட்டம் ஆங்கிலத்தையே பயிற்றுமொழியாக்கி, ஹவாய் மொழியை வகுப்பறைகளிலிருந்து வெளியேற்றிவிட்டது. அம்மொழி தேய்ந்த காலத்தில் பழம்பாடல்களை மனப்பாடமாகக் காத்ததில் ஹூலா ஆசிரியர்களுக்கு, அதாவது 'குமு ஹூலா'க்களுக்கு, பெரும் பங்குண்டு.

ஆகவே உச்சரிப்பிலிருந்து தொடங்குங்கள். 'பவ்' என்றால் முடிந்தது. உயிரெழுத்தை நீட்டித் தொண்டையில் ஒரு கணம் நிறுத்திப் 'பா-ஊ' என்றால் ஆடுபவர் உடுத்தும் பாவாடை. அடுத்துப் பொருளுக்கு வாருங்கள். உயர்த்திய கைகளை விரல்கள் நடுங்க இறக்கினால் மழை என்று சொல்லிக்கொடுப்பது எளிது. ஆனால் ஹவாயில் மழைக்கு ஊருக்கொரு பெயர் உண்டு: ஹிலோவில் பெய்வது கனிலேஹுவா, ஓவாஹு தீவின் மானோவா பள்ளத்தாக்கில் பெய்வது துவாஹினே. பாடலில் வருவது எந்த மழை என்று தெரிந்த மாணவியின் பார்வை, விரலோடு சேர்ந்து அந்த ஊருக்கே போய்விடும். பாடல்களில் 'கவோனா' எனப்படும் உட்பொருளும் இருப்பதால், மழை சில வேளைகளில் ஒரு காதலரையும் குறிக்கலாம்; அதை மாணவரின் வயதறிந்து விளக்குங்கள்.

பிறகு அடிகள். முழங்காலைத் தளர்த்தி மடித்து, பக்கவாட்டில் நான்கு எண்ணிக்கைக்கு நகரும் காஹோலோ முதலில் வரட்டும். இரண்டு சுரைக்குடுக்கைகளை இணைத்த 'இபு ஹெகே' என்னும் தாளக்கருவியைத் தரையில் ஊன்றினால் எழும் ஓசை 'ஊ', விரலால் தட்டினால் எழுவது 'தே'. மாணவர்கள் இவற்றை வாயால் சொல்லியபடியே நடக்கப் பழகட்டும். பழைய முறையான கஹிகோவில் கால் ஊன்றிய பின்னரே, இசைக்கருவிகளோடு பிற்காலத்தில் வளர்ந்த ஔவனாவுக்குச் செல்லுங்கள்.

உங்கள் குமு எவற்றைக் கற்பிக்க அனுமதி தந்தாரோ அவற்றை மட்டும் கற்பித்து, அவர் பெயரை முதல் வகுப்பிலேயே சொல்லிவிடுங்கள். காணொளி பார்த்துக் கற்ற பாடலை இன்னொருவருக்குக் கற்பிப்பது எனக்கு உடன்பாடில்லை.

ஒருவரைப் போற்றும் பெயர்ப்பாடலின் முடிவில், 'ஹே இனோவா நோ' என்று தொடங்கி, அது யாருக்குரியதோ அவர் பெயரைக் கூவி முடிப்பது முறை. அவர் யார், எந்தத் தீவைச் சேர்ந்தவர் என்று ஒத்திகையிலேயே கேளுங்கள். பதில் வராவிட்டால் அன்று ஆட்டத்தை நிறுத்திவிட்டு அதைச் சொல்லிக்கொடுங்கள்.