பால் மறந்த குட்டிகளுக்குக் கைகொடுத்த தேங்காய் எண்ணெய்

போன ஐப்பசியில், 35 நாளில் தாயிடமிருந்து பிரித்த ஒன்பது பன்றிக்குட்டிகளும் நாலாம் நாளே கழிய ஆரம்பித்தன. வெளிர்மஞ்சள் நிறம், விரலில் தேய்த்தால் எண்ணெய்ப் பிசுக்கு. அதில்தான் விஷயம் பிடிபட்டது. சீக்கிரம் எடை ஏறட்டும் என்று தீவனத்தில் மாட்டுக்கொழுப்பை உருக்கிக் கலந்திருந்தேன். தாய்ப்பாலில் கொழுப்பு நுண்துளிகளாகவே இருக்கும், எளிதில் செரித்துவிடும். பால் மறந்ததும் கொழுப்பைச் செரிக்கும் லைபேஸ் நொதி கொஞ்ச நாளைக்குக் குறைந்துவிடும். கெட்டிக் கொழுப்பில் ஒரு பகுதி வீணாகத்தான் போகும்.

கொழுப்பை நிறுத்தினேன். கிலோ தீவனத்துக்கு 20 கிராம் தேங்காய் எண்ணெய், எண்ணெயை நீரில் நுண்துளிகளாகக் கலக்கவைக்கும் சோயா லெசித்தின் ஒரு சிட்டிகை. வெதுவெதுப்பான நீரில் குழைத்து ஐந்து வேளையாகப் பிரித்து வைத்தேன். தேங்காய் எண்ணெயின் கொழுப்பு அமிலங்களில் பெரும்பங்கு நடுத்தர நீளமுள்ளவை, எளிதில் செரிக்கும்; அவற்றில் ஒரு பகுதி நேராகக் கல்லீரலுக்குப் போய்ச் சக்தியாகும். தீவனம் மாற்றிய ஐந்தாம் நாள் கழிச்சல் நின்றது. ஒரு குட்டி மட்டும் பிழைக்கவில்லை. முதல் நாளே அதற்கு உப்புச்சர்க்கரைக் கரைசல் புகட்டியிருக்க வேண்டும்.