எஸ்.பி.எம். முடிந்தது, அடுத்து எதைப் படிப்பது?

மலேசியாவின் ஐந்தாம் படிவத் தேர்வான எஸ்.பி.எம். முடிவு வந்த வாரம், பேராக்கின் சுங்கை சிப்புட் வீடுகளில் மேசை நிறையக் கல்லூரி விளம்பரத் தாள்கள். எல்லாவற்றையும் ஒப்பிட உட்காராதீர்கள். முதலில் கழித்துத் தள்ளுங்கள்.

மூன்று நிபந்தனைகளை எழுதுங்கள்: வீடு தாங்கும் மாதச் செலவு, எத்தனை ஆண்டு, வெளியூரில் தங்க முடியுமா. ஒன்றில் தவறினாலும் அந்தத் தாள் வெளியே. கட்டணத்தை மட்டும் கணக்கிட்டு வாடகை, சாப்பாடு, பஸ் காசை மறப்பதுதான் வழக்கமான பிழை. அரசின் உயர்கல்வி நிதியான பி.டி.பி.டி.என். தரும் பணம் கடன், திருப்பிக் கட்ட வேண்டும். தனியார் கல்லூரியென்றால் குறிப்பிட்ட அந்தப் படிப்பே, படிப்புகளுக்கு அங்கீகாரம் தரும் எம்.கியூ.ஏ. அமைப்பின் பதிவேட்டில் இருக்கிறதா என்று பாருங்கள். கல்லூரியின் பெயர் இருந்தால் போதாது.

மூன்று நான்கு மிஞ்சும். பள்ளியின் ஆறாம் படிவமான எஸ்.டி.பி.எம். 3 பருவம், ஏறக்குறைய ஒன்றரை ஆண்டு. அரசின் பல்கலைக்கழக முன்படிப்பான மெட்ரிகுலேஷன் பெரும்பாலும் ஓராண்டு. இரண்டும் பட்டப்படிப்புக்கு வாசல், தொழில் கற்றுத் தராது. ஈப்போ உங்கு ஓமார் பொலிடெக்னிக் போன்ற இடங்களில் டிப்ளோமா எடுத்தால் காலம் கூடும், ஆனால் அதை வைத்தே வேலைக்கும் போகலாம்.

மிஞ்சியதை இப்போது படித்துக்கொண்டிருக்கும் அண்ணன், அக்காவிடம் விசாரியுங்கள். கண்காட்சியில் தாள் நீட்டுபவர் விற்க வந்தவர். விண்ணப்பம் மூடுவதற்கு ஒரு வாரம் முன்பே முடிவெடுக்கும் நாளைக் குறியுங்கள். கடைசி இரவில் இணையத்தளம் நகராது.