சஸ்பெண்ட் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றம் போகும் முன்: தமிழக அரசு ஊழியர்களுக்கு

உத்தரவு கைக்கு வந்ததும் எந்த விதியின் கீழ் போட்டிருக்கிறார்கள் என்று முதலில் பாருங்கள். தமிழ்நாடு குடிமைப் பணிகள் (ஒழுங்கு மற்றும் மேல்முறையீடு) விதிகளில் 17(e)(1) என்றால், கடுமையான குற்றச்சாட்டு மீது விசாரணை நடக்கிறது அல்லது நடக்கவிருக்கிறது, இல்லையேல் குற்ற வழக்கு நிலுவையில் இருக்கிறது என்று பொருள். 48 மணி நேரத்துக்கு மேல் காவலில் இருந்தவருக்கு 17(e)(2). கையெழுத்திட்டவருக்கு அந்த அதிகாரம் உண்டா என்பதையும் அப்போதே சரிபாருங்கள். அதிகாரமற்றவர் போட்ட உத்தரவு என்பது நீதிமன்றம் தயங்காமல் கேட்கும் வாதம்.

பலர் சறுக்குவது மூன்று மாதக் கணக்கில்தான். அஜய் குமார் சௌத்ரி வழக்கில் 2015இல் உச்ச நீதிமன்றம், மூன்று மாதத்துக்குள் சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுகளைப் பட்டியலிடும் குறிப்பாணை) தராவிட்டால் சஸ்பென்ஷன் நீடிக்கக் கூடாது என்றது. தந்துவிட்டால் நீட்டிப்புக்குக் காரணம் எழுதிய உத்தரவு வேண்டும் என்றது. இதை வைத்து, 91ஆம் நாள் உத்தரவு தானாகச் செத்துவிடும் என்று நம்பிவிடாதீர்கள். சென்னை உயர் நீதிமன்ற மூவர் அமர்வு 2022இல் அப்படி எல்லா வழக்குக்கும் பொருந்தும் விதி ஏதுமில்லை என்று சொல்லிவிட்டது. ஒவ்வொரு வழக்கின் சூழ்நிலையும் தனியே பார்க்கப்படும். லஞ்ச வழக்குகளில் சஸ்பென்ஷனை நீக்கவைப்பது இன்னும் கடினம்.

ஆகவே முதலில், சஸ்பெண்ட் செய்த அதிகாரிக்கு முறையீட்டு மனு கொடுங்கள். உத்தரவின் நாள், சார்ஜ் மெமோ வந்ததா, சாட்சிகளும் ஆவணங்களும் ஏற்கெனவே அவர்கள் கையில் இருக்கின்றனவா என்பதைச் சுருக்கமாக எழுதுங்கள். வேறு ஊரில், முக்கியத்துவம் குறைந்த பணியிடத்தில் வேலை பார்க்கத் தயார் என்று ஒரு வரி அவசியம் சேருங்கள். சாட்சியைக் கலைப்பார் என்ற அரசின் வாதத்துக்கு அதுவே பதில். ஸ்பீடு போஸ்ட்டில் அனுப்பி, கிடைத்ததற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். இந்த மனு இல்லாமல் போனால், “முதலில் துறையிடம் கேளுங்கள்” என்று திருப்பி அனுப்பப்பட வாய்ப்பு அதிகம்.

பதில் வராவிட்டால் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவில் ரிட் மனு (அரசின் உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடுவது). தென் மாவட்டத்தார் மதுரைக் கிளையில் தாக்கல் செய்யலாம். மனுவில் குற்றச்சாட்டு பொய் என்று பக்கம் பக்கமாக வாதாடாதீர்கள். உண்மையா பொய்யா என்பது துறை விசாரணையின் வேலை. அதிகாரமின்மை, காரணமில்லாத நீட்டிப்பு, விசாரணைத் தாமதம், பழிவாங்கும் நோக்கம் ஆகியவையே இங்கே எடுபடும். பழிவாங்கல் என்று சொன்னால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். சேர்க்காவிட்டால் அந்த வாதமே நிற்காது.

மத்திய அரசு ஊழியருக்கு வழி வேறு: மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். அங்கே 90 நாளுக்குள் மறுஆய்வு செய்து நீட்டிக்காத சஸ்பென்ஷன் செல்லாது. தீபக் மாலி வழக்கில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்திருக்கிறது.

இடைப்பட்ட காலத்தில் அனுமதியின்றித் தலைமையிடத்தை (நீங்கள் தங்க வேண்டும் என்று துறை குறித்த ஊரை) விட்டு வெளியூர் போகாதீர்கள். வேறு வேலை பார்க்கவில்லை என்ற சான்றைக் கொடுத்துப் பிழைப்பூதியம் (சஸ்பென்ஷன் காலத்தில் சம்பளத்துக்குப் பதில் தரும் தொகை) வாங்குங்கள். தராமல் இழுத்தடித்தால் அதையும் மனுவில் எழுதுங்கள்.

பெரும்பாலும் கிடைப்பது, “மனுவை இத்தனை வாரத்தில் பரிசீலித்து முடிவெடு” என்ற உத்தரவு. சான்றிட்ட நகலை உடனே அலுவலகத்தில் கொடுத்து முத்திரை வாங்குங்கள். கெடு கடந்தும் முடிவு வராவிட்டால், ஓராண்டுக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனு போட வேண்டும்.