கேமிங் ஹெட்செட்டில் 7.1 சரவுண்ட்: காலடிச் சத்தம் எந்தப் பக்கம் என்று தெரிய

பெட்டியில் 7.1 (சுற்றிலும் ஏழு ஸ்பீக்கர், ஒரு சப்வூஃபர்) என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தாலும், பெரும்பாலான கேமிங் ஹெட்செட்டுகளுக்குள் காதுக்கு ஒன்றாக இரண்டே ஸ்பீக்கர்தான். மீதியெல்லாம் கணக்கு. வலப்பக்கம் எழும் சத்தம் இடது காதுக்கு வந்து சேர ஒரு மில்லிசெகண்டுக்கும் குறைவான தாமதம் ஆகும்; கொஞ்சம் மங்கியும் இருக்கும். முன்னாலா பின்னாலா என்பதை, காது மடல் சத்தத்தை மாற்றும் விதத்தை வைத்து மூளை பிடித்துக்கொள்கிறது. இதே மாற்றங்களைச் செயற்கையாகச் செய்யும் வடிகட்டிதான் எச்ஆர்டிஎஃப்.

இந்த வேலையை ஒரே இடத்தில்தான் செய்ய வேண்டும். கேம், விண்டோஸ், ஹெட்செட்டின் மென்பொருள் மூன்றும் ஆளுக்கொரு கை பார்த்தால், எல்லாச் சத்தமும் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல் எதிரொலிக்கும், திசையும் குழம்பும். 'சரவுண்ட் போட்டேன், முன்னைவிட மோசம்' என்பவர்களில் பலருக்கு இதுதான் கோளாறு.

கீழே உள்ளவை விண்டோஸ் 11-க்கு.

1. முதலில் இணைப்பு. 3.5 மி.மீ. பின்னில் மூன்று வளையங்கள் இருந்தால் மைக்கும் அதே கம்பியில்தான். டெஸ்க்டாப்பில் பச்சை, பிங்க் என்று துளைகள் தனித்தனியாக இருந்தால் சத்தத்தையும் மைக்கையும் இரண்டு பின்னாகப் பிரிக்கும் ஒய் ஸ்பிளிட்டர் வாங்குங்கள். இல்லாவிட்டால் சத்தம் கேட்கும், மைக் எடுக்காது. வயர்லெஸ் என்றால் ப்ளூடூத் வேண்டாம். தாமதம் ஒருபுறம், பெரும்பாலான செட்டுகளில் மைக்கைத் திறந்ததும் அழைப்பு முறைக்கு மாறி ஒலி மோனோ (இரு காதிலும் ஒரே சத்தம்) ஆகிவிடும், திசையே போய்விடும். 2.4 கிகாஹெர்ட்ஸ் டாங்கிள் (யூஎஸ்பியில் செருகும் சிறு ரிசீவர்) உள்ளதே சரி. சத்தம் விட்டுவிட்டு வந்தால் டாங்கிளை யூஎஸ்பி 3.0 போர்ட்டிலிருந்து கழற்றி, எக்ஸ்டென்ஷன் கேபிளில் மேசைமேல் வையுங்கள். அந்தப் போர்ட்டுகளின் இரைச்சல் அதே அலைவரிசையில் விழும்.

2. எல்லாச் சரவுண்டையும் அணையுங்கள். செட்டிங்ஸ், சிஸ்டம், சவுண்ட் போய் ஹெட்செட்டின் பெயரைத் தட்டினால் 'ஸ்பேஷியல் சவுண்ட்' வரும்; அதை ஆஃப் செய்யுங்கள். ஹெட்செட்டின் மென்பொருளிலும் அப்படியே.

3. இனி கேமைப் பாருங்கள். வாலரண்ட் போல எச்ஆர்டிஎஃப் உள்ளேயே இருந்தால், ஆடியோ பகுதியில் ஸ்பீக்கர் அமைப்பை ஸ்டீரியோ என்று வைத்து அதை ஆன் செய்யுங்கள். வேலை முடிந்தது. கேமுக்குத்தான் எதிரி நிற்கும் சரியான இடம் தெரியும் என்பதால், இந்த வசதி இருக்கும் கேமில் வேறெதையும் தேட வேண்டாம்.

இல்லாவிட்டால் ஸ்பேஷியல் சவுண்டில் 'விண்டோஸ் சோனிக்' தேர்ந்தெடுங்கள், இலவசம். அதே வேலையைச் செய்யும் டால்பி அட்மாஸுக்குக் காசு கட்ட வேண்டும். சோனிக்கில் திருப்தி இல்லாவிட்டால் மட்டும் சோதனைக் காலத்தில் கேட்டுப் பாருங்கள்.

ஹெட்செட்டின் சொந்த 7.1-தான் வேண்டும் என்றால் ஒன்று முக்கியம். சவுண்ட் பக்கத்தின் அடியில் 'மோர் சவுண்ட் செட்டிங்ஸ்' திறந்து, பிளேபேக்கில் ஹெட்செட்டைத் தேர்ந்து, 'கான்ஃபிகர்' அழுத்தி 7.1 சரவுண்ட் என்று வையுங்கள். அங்கே ஸ்டீரியோ என்று இருந்தால் கேம் இரண்டு சேனலைத்தான் அனுப்பும்; பின்பக்கத் தகவல் வந்தே சேராது, ஹெட்செட் ஊகித்து ஊதிப் பெரிதாக்கும்.

4. சோதனை. தனி மேட்சில் நண்பரை உங்களைச் சுற்றி நடக்கச் சொல்லி, கண்ணை மூடிக்கொண்டு திசையைச் சொல்லுங்கள். இடம் வலம் தப்பாது. முன்னும் பின்னும் குழம்பலாம், ஏனென்றால் வடிகட்டி உங்கள் காது மடலை அளந்து செய்ததல்ல. மவுஸை லேசாகத் திருப்பினால் சத்தம் எந்தப் பக்கம் நகர்கிறது என்பதில் விடை கிடைத்துவிடும். இடமும் வலமுமே மாறிக் கேட்டால் ஹெட்செட்டைத் திருப்பி மாட்டியிருக்கிறீர்கள்!

5. பேச்சு வந்ததும் கேம் சத்தம் அமுங்கினால், பிளேபேக் இருந்த அதே ஜன்னலில் 'கம்யூனிகேஷன்ஸ்' பகுதிக்குப் போய் 'டூ நத்திங்' என்று வையுங்கள்.

பிஎஸ்5-இல் (பிளேஸ்டேஷன் 5) இவ்வளவு பாடில்லை. சவுண்ட் செட்டிங்ஸில் ஹெட்ஃபோனுக்கான 3டி ஆடியோவை ஆன் செய்து, அங்குள்ள புரொஃபைல்களில் எதில் சத்தம் காது உயரத்திலேயே கேட்கிறதோ அதைத் தேர்ந்தெடுங்கள். ஹெட்செட்டில் 7.1 பொத்தான் இருந்தால் அதை அணைத்தே வையுங்கள்.