கெட்டியான ஹேர் மாஸ்க்: எந்த முடிக்கு எவ்வளவு?

வெண்ணெய் போல் கெட்டியாக இருக்கும் ஹேர் மாஸ்க்கை எல்லா வகை முடிக்கும் ஒரே அளவில் பூசுவது சரியன்று. சுருள் முடியில் உச்சந்தலையின் இயற்கை எண்ணெய் வளைவுகளைத் தாண்டி நுனிவரை எளிதில் இறங்குவதில்லை என்பதால், அத்தகைய முடி உள்ளவர்கள் தலைக்குக் குளித்ததும் நீர் சொட்டாதபடி பிழிந்து, பகுதி பகுதியாகப் பிரித்துத் தாராளமாகப் பூசி, 15 முதல் 20 நிமிடம் ஊறவிட்டு அலசலாம். வாரம் ஒருமுறை போதும்.

மெல்லிய முடிக்கு அதே அளவு பாரமாகிவிடும். குளித்த அன்றே முடி தலையோடு படிந்து, பிசுக்குப் பிடித்தது போல் தெரியும். நெல்லிக்காய் அளவு எடுத்து, காதுக்குக் கீழே உள்ள பகுதியில் மட்டும் தடவி, 5 நிமிடத்தில் அலசிவிடுங்கள்.

சாயம் பூசிய முடியின் மேற்செதில்கள் விரிந்திருப்பதால், அது ஈரத்தை விரைவாக உறிஞ்சி விரைவாகவே இழந்துவிடும். இதற்கு மாஸ்க் மட்டும் போதாது, ஷாம்பு போடுவதற்கு முன் தேங்காய் எண்ணெயும் தேவை என்பது என் உறுதியான கருத்து. அதிலுள்ள லாரிக் அமிலம் முடித்தண்டுக்குள் ஊடுருவி, கழுவும்போது ஏற்படும் புரத இழப்பைக் குறைக்கிறது. பெட்ரோலியத்திலிருந்து எடுக்கப்படும், மேற்பரப்பிலேயே தங்கிவிடும் மினரல் எண்ணெயால் அது இயலாது.