பழைய மலையாளப் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது

சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்த ‘பாலன்’ (1938) மலையாளத்தின் முதல் பேசும் படம் என்றாலும், புதிதாகப் பார்க்கத் தொடங்குகிறவர்களுக்கு 1954-இல் வந்த ‘நீலக்குயில்’தான் சரியான வாசல். ஒடுக்கப்பட்ட சாதிப் பெண்ணைக் கர்ப்பமாக்கிவிட்டுக் கைவிடும் பள்ளி ஆசிரியரின் கதையை, கே. ராகவனின் நாட்டுப்புற மெட்டுகளோடு பி. பாஸ்கரனும் ராமு காரியாட்டும் அதில் சொன்னார்கள்.

அடுத்ததாகச் ‘செம்மீன்’ (1965) படத்தைப் பார்ப்பதற்கு முன், தகழியின் நாவலைச் சுந்தர ராமசாமியின் தமிழாக்கத்தில் படித்துவிடுவது நல்லது. கதை தெரிந்திருந்தால், ‘மாயாபஜார்’ படத்தின் ஒளிப்பதிவாளரான மார்கஸ் பார்ட்லி கடலை எப்படிக் காட்டுகிறார் என்பதில் கவனம் முழுவதையும் செலுத்தலாம். எம்.டி. வாசுதேவன் நாயர் இயக்கிய ‘நிர்மால்யம்’ (1973), அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘எலிப்பத்தாயம்’ (1981) ஆகிய இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். முன்னதில் கைவிடப்பட்ட கோயிலின் வெளிச்சப்பாடும் (அருள்வாக்கு சொல்லும் சாமியாடி) பின்னதில் தறவாட்டை (பரம்பரைக் கூட்டுக்குடும்ப வீடு) விட்டு வெளியேற முடியாத காரணவரும் (குடும்பத் தலைவர்) சரிந்துகொண்டிருக்கும் ஒரே உலகின் இரு மனிதர்கள். வெளிச்சப்பாடாக வாழ்ந்திருக்கும் பி. ஜே. ஆண்டனியின் முகத்தைக் கைப்பேசித் திரையில் பார்க்க வேண்டாம் என்பது என் வேண்டுகோள். அரவிந்தனின் ‘கும்மாட்டி’யைப் புதுப்பிக்கப்பட்ட பிரதியில் மட்டுமே பார்க்க வேண்டும்.

வயது வந்தோருக்கான படங்களுக்கு வரும்போது, ‘ஏ’ சான்றிதழைத் தரத்தின் அளவுகோலாகக் கொள்ளக் கூடாது. ஐ. வி. சசியின் ‘அவளுடெ ராவுகள்’ (1978) அந்தச் சான்றிதழோடு வந்த படமே. ஆனால் பாலியல் தொழில் செய்யும் பெண்ணைக் கதையின் நடுவே நிறுத்தி, சீமாவின் நடிப்பால் அவளுக்கு மதிப்பளித்த படம் அது. 2000-ஐ ஒட்டி ஷகிலா நடித்துக் குறைந்த செலவில் உருவான படங்கள் வேறு வகை. அவற்றையும் ஒதுக்காமல் பார்க்கலாம், ஏனெனில் பல திரையரங்குகள் மூடப்படாமல் நின்றதில் அவற்றின் வசூலுக்குப் பங்கு உண்டு.

இங்கே ஒரு எச்சரிக்கை தேவை. தணிக்கைக்குப் பிறகு திரையரங்குகளில் ‘பிட்’டுகள், அதாவது படத்தோடு தொடர்பில்லாத ஆபாசத் துண்டுகள், ஒட்டப்பட்டது பரவலான வழக்கம் என்பதால், ஒளியும் முகங்களும் பொருந்தாத துண்டை வைத்து நடிகையையோ இயக்குநரையோ மதிப்பிடக் கூடாது. படத் தொடக்கத்தில் காட்டப்படும் தணிக்கைச் சான்றிதழில் நீளம் மீட்டரில் குறிக்கப்பட்டிருக்கும், 35 மி.மீ. படச்சுருளில் நிமிடத்துக்குச் சுமார் 27 மீட்டர் என்று கணக்கிட்டால், கையிலிருக்கும் பிரதியில் எவ்வளவு கூட்டப்பட்டது, எவ்வளவு வெட்டப்பட்டது என்பதை ஓரளவு கண்டுகொள்ளலாம்.