தப்பியோடிய நாஜிக் குற்றவாளி ஒருவரின் தடத்தை ஆராய்வது எப்படி?

மட்டக்களப்பிலோ அம்பாறையிலோ உயர்தர வகுப்பில் வரலாறு பயிலும் மாணவர்கள், நீதிக்குத் தப்பிய நாஜிப் போர்க்குற்றவாளிகளைப் பற்றிச் செயற்றிட்டம் எழுத முற்பட்டால், பலரின் கதைகளைத் தொகுப்பதைவிட ஒருவரை மட்டும் தெரிவுசெய்து, அவர் எந்த ஆண்டில், எந்த நாட்டில், எந்தப் பெயரில், யார் கொடுத்த ஆவணத்துடன் வாழ்ந்தார் என்று வரிசைப்படுத்துவது நல்லது.

அடொல்ஃப் ஐக்மனை எடுத்துக்கொள்வோம். யூதர்களைக் கொலை முகாம்களுக்கு ஏற்றிச்சென்ற ரயில்களை ஒழுங்கமைத்த அவர், 1946இல் அமெரிக்கர்களின் காவலிலிருந்து தப்பி, ஜேர்மனியின் வடபகுதியில் ஒட்டோ ஹெனிங்கர் என்ற பெயரில் மறைந்திருந்து, 1950இல் ரிக்கார்டோ கிளெமென்ட் என்ற பெயரில் இத்தாலியின் ஜெனோவா துறைமுகத்திலிருந்து ஆர்ஜென்டீனாவுக்குக் கப்பலேறினார். 1960இல் பிடிபட்டு, 1961இல் ஜெருசலேமில் விசாரிக்கப்பட்டு, அடுத்த ஆண்டு தூக்கிலிடப்பட்டார்.

பெயர் மாறிய இடத்தில்தான் அதிக நேரம் செலவிட வேண்டும். அவர் கையில் இருந்தது செஞ்சிலுவைச் சங்கத்தின் பயண ஆவணம். போரில் அனைத்தையும் இழந்த அகதிகளுக்கென ஏற்படுத்தப்பட்ட அது, ஆளைச் சரிபார்க்க வழியில்லாத நிலையில், பிறருடைய பரிந்துரையைப் பெரிதும் நம்பியே வழங்கப்பட்டது. 2004 சுனாமியில் அடையாள அட்டையும் பிறப்புச் சான்றிதழும் அள்ளுண்டுபோன குடும்பங்களை அறிந்த கல்லடி, திருக்கோவில் பிள்ளைகளுக்கு, அத்தகைய ஏற்பாடு ஏன் தேவைப்பட்டது என்பதை விளக்க வேண்டியதில்லை. அந்த இரக்கத்தின் வாசல் வழியே கொலைகாரரும் வெளியேறினார்கள் என்பது எனக்கு இன்றும் நெஞ்சைச் சுடும் செய்தி. ஆகவே உதவியவர் யார் என்பதைத் தேடி எழுதுங்கள். போலந்திலிருந்த திரெபிளிங்கா கொலை முகாமின் தளபதி பிரான்ஸ் ஸ்டாங்கிலைத் தேடினால், ரோமில் இருந்த ஆயர் அலோயிஸ் ஹூடலிடம் போய்ச் சேர்வீர்கள்.

அதே ஸ்டாங்கில் பிரேசிலில் சொந்தப் பெயரிலேயே வேலை பார்த்து, 1967இல்தான் கைதானார். எனவே, ஒருவர் ஒளிந்திருந்தார் என்று எழுதுமுன், அவர் உண்மையில் எவ்வளவு தேடப்பட்டார் என்று பாருங்கள்.

இறந்துவிட்டார் என்ற செய்தியையும் சான்றோடு மட்டுமே ஏற்க வேண்டும். அவுஷ்விட்ஸ் முகாமில் கைதிகள்மீது கொடூரப் பரிசோதனைகள் நடத்திய நாஜி மருத்துவர் யோசெப் மெங்கலே ஒருநாளும் நீதிமன்றத்தில் நிற்காமல், 1979இல் பிரேசிலின் கடற்கரையொன்றில் மூழ்கி இறந்து, வேறொருவரின் பெயரில் புதைக்கப்பட்டார். எச்சங்கள் 1985இல் தோண்டியெடுக்கப்பட்டபோதும், 1992இல் மரபணுச் சோதனையே ஐயத்தைத் தீர்த்தது.

செயற்றிட்டத்தின் அட்டையில் குற்றவாளியின் படத்தை ஒட்டாதீர்கள். ஜெருசலேமின் யாத் வாஷேம் நினைவகம், கொல்லப்பட்டோரின் பெயர்களை இணையத்தில் தேடக்கூடியவாறு வைத்திருக்கிறது. அங்கிருந்து ஒருவரின் பெயரையும் ஊரையும் எடுத்து, முதற்பக்கத்தில் உங்கள் கையால் எழுதுங்கள்.